எழுபது வருஷக் கதவும் ஏழு வாரக் கதவும்

ஆச்சி வீட்டு அலமாரிக்கு இரண்டு கதவு. இடது கதவு ஆச்சி கல்யாணமாகி வந்த புதிதில், எழுபது வருஷத்துக்கு முன்னால் செய்தது. சட்டம், பலகை எல்லாம் தேக்கு. வலது கதவு நடுவில் எப்போதோ உடைந்து, யாரோ மாம்பலகையில் மாற்றுப் போட்டிருக்கிறார்கள். போன வருஷம் சித்திரையில் பாளையங்கோட்டை வீட்டை ஒதுங்க வைக்கும்போது அந்த வலது கதவில் கையை ஊன்றினேன். கை உள்ளே போய்விட்டது. வெளியே பெயிண்ட் மட்டும் கதவு போல நின்றுகொண்டிருந்தது. உள்ளே முழுக்கக் கரையான் மண்.

ஆசாரி வந்து அளவெடுத்துக்கொண்டு போனார். வேப்பம்பலகையில் அதே அளவு, அதே சட்டம், நடுவில் அதே மாதிரி ஒற்றைப் பலகை. ஆடி பிறந்து கதவு வந்தது. வெள்ளை வெளேரென்று, வேம்பு வாசத்தோடு. அதை மாட்டிவிட்டுத் தள்ளி நின்று பார்த்தேன். பல் செட் கட்டியதுபோல் இருந்தது.

“ரெண்டையும் ஒரே பச்சைய அடிச்சு விட்டா சோலி முடிஞ்சுது” என்றாள் அம்மா.

அப்படி அடித்திருக்கலாம். ஆனால் இடது கதவின் பெயிண்ட் எனக்குப் படம் பார்ப்பது மாதிரி. சின்ன வயதில் ஆச்சி வீட்டுக்கு லீவில் போனால் மத்தியானம் படுக்கச் சொல்வார்கள். பட்டாசலில், அதாவது கூடத்தில், பாயைப் போட்டு, இந்தக் கதவைப் பார்த்தபடிதான் கிடப்பேன். பச்சைப் பெயிண்டில் ஓடிய வெடிப்புகளில் ஆறு இருக்கும், மலை இருக்கும், ஒரு இடத்தில் கொம்பு வைத்த ஆடு இருக்கும். ஆட்டின் வாலை நகத்தால் பெயர்த்ததற்கு ஆச்சியிடம் அடி வாங்கியிருக்கிறேன். அந்தக் கதவின் மேல் புதுப் பச்சையை இழுக்க எனக்கு மனசு வரவில்லை. அப்படியானால் மிச்சம் இருப்பது ஒரே வழி. புதுக் கதவைப் பழசாக்க வேண்டும்.

ஆசாரியிடம் சொன்னபோது அவர் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார்.

“வெடிப்பு விழாம பெயிண்ட் நிக்கணும்னுதான் ஊரெல்லாம் கூலி குடுக்கு. நீங்க வெடிக்கணும்னு நிக்கிய. இது என்ன கூத்தும்மா?”

“ஒரு கதவு மட்டும் பளபளன்னு நின்னா நல்லாவா இருக்கும், அண்ணாச்சி?”

“பத்து வருஷம் பொறுத்தா அதுவே வெடிச்சிட்டுப் போவுது.”

அவர் சொன்னது நியாயம்தான். பத்து வருஷம் பொறுக்க முடியாதவர்களுக்காகத்தான் இந்த வித்தையே இருக்கிறது.

வெடித்த பெயிண்டைச் செயற்கையாக வரவழைப்பது உலகம் முழுக்க இன்று பொழுதுபோக்குக் கைவேலை. டப்பாவில் அடைத்து ‘கிராக்கிள் மீடியம்’ என்று விற்கிறார்கள். போட்டோ சட்டம், தாம்பாளம், முக்காலி என்று அதை எதிலும் பூசலாம். பக்கத்தில் ஒப்பிட்டுப் பார்க்க ஒன்றும் இல்லாதவரை எல்லாமே பழசு மாதிரிதான் தெரியும். எனக்கு வந்த வம்பு வேறு. என் போலிக்கு இரண்டு அங்குலம் தள்ளி, ஒரே அலமாரியில், அசல் நிற்கிறது.

அதனால் முதல் ஒரு வாரம் பிரஷ்ஷையே எடுக்கவில்லை. ராத்திரி விளக்கை அணைத்துவிட்டு, டார்ச்சைக் கதவோடு ஒட்டிச் சாய்த்துப் பிடித்துப் பார்த்தேன். பக்கவாட்டு வெளிச்சத்தில் ஒவ்வொரு வெடிப்பும் வாய்க்கால் மாதிரி எழுந்து நிற்கும். கொம்பு வைத்த ஆடு இன்னும் இருந்தது, வால் இல்லாமல்.

பார்க்கப் பார்க்கத் தெரிந்தது, அந்தக் கதவில் இருப்பது ஒரு வகை வெடிப்பு அல்ல. பலகையில் ஓடுபவை நெடுக்குவாட்டில், மர நாரோடு சேர்ந்து போகிறவை. அதற்குக் காரணம் மரம்தான். மரம் மழைக்காலத்தில் ஊதும், கோடையில் சுருங்கும். நீளவாக்கில் அது அசையவே அசையாது என்று சொல்லிவிடலாம், அகலவாக்கில்தான் ஆட்டமெல்லாம். ஈர மரமாக இருந்து முழுக்கக் காய்வதற்குள் தேக்கு ஆண்டு வளையங்களை ஒட்டிய திசையில் ஏறத்தாழ 6 சதவீதம் சுருங்குகிறது. தேக்கு ரொம்ப அடக்கமான மரம், மற்றவை இன்னும் மோசம். மேலே இருக்கும் இனாமல் பெயிண்டோ வருஷா வருஷம் காற்றைக் குடித்து இறுகிக்கொண்டே போகிறது. முதல் சில வருஷம் மரத்தோடு சேர்ந்து நீளும், சுருங்கும். பிறகு அந்த இளக்கம் போய்விடும். மரம் அகலவாக்கில் இழுக்கிறது, பெயிண்ட் நெடுக்குவாட்டில் கிழிகிறது.

சட்டமும் பலகையும் சேரும் இடத்தில் இருந்தது வேறு. பலகையைச் சட்டத்தின் காடியில், அதாவது அதில் வெட்டிய பள்ளத்தில், சும்மா செருகித்தான் வைப்பார்கள், பசை போட மாட்டார்கள், அது ஊதிச் சுருங்க இடம் வேண்டும் என்பதற்காக. பெயிண்ட்காரருக்கு அந்தக் கவலை கிடையாது. இரண்டையும் சேர்த்து ஒரே இழுப்பில் பூசிவிடுவார். பலகை அசையும்போது அந்த ஓரத்தில் பெயிண்ட் நேர்கோடாக அறுந்துபோகும். ஸ்கேல் வைத்துக் கீறியதுபோல் ஒரு கோடு, இரண்டு பக்கமும்.

மேல் மூலையில் உள்ளங்கை அகலத்துக்கு முதலைத் தோல் மாதிரிக் கட்டம் கட்டமாக வெடித்திருந்தது. எதிர் ஜன்னலின் சாயங்கால வெயில் விழும் இடம் அது. அடியில், தரையிலிருந்து அரை முழம் வரை, வெடிப்பே கிடையாது, செதில் செதிலாகப் பெயர்ந்திருக்கிறது. அது வீடு கழுவிய தண்ணீரின் வேலை.

எனக்கு மிகவும் பிடித்த இடம் கொண்டியைச் சுற்றி. அங்கேயும் வெடிப்பு இல்லை. கை பட்டுப் பட்டுப் பச்சை தேய்ந்து, அதற்கும் அடியில் இருந்த நீலம் தேய்ந்து, செங்காவி தேய்ந்து, நடுவில் தேக்கு எண்ணெய்க் கறுப்பாக மின்னியது. பச்சை, நீலம், காவி மூன்றும் வளையம் வளையமாக. அம்மாவிடம் கேட்டேன். காவி முதலில் அடித்த ரெட் ஆக்சைடு. நீலம் அவள் கல்யாணத்துக்கு. பச்சை மாமா கல்யாணத்துக்கு. கல்யாணம் வந்தால்தான் அந்த வீட்டில் பெயிண்ட் டப்பா திறக்கும். மாமாவுக்குப் பிறகு கல்யாணம் எல்லாம் மண்டபத்துக்குப் போய்விட்டது, அலமாரி தப்பித்தது.

போலி செய்கிறவர்கள் தவறும் இடம் இது என்று நினைக்கிறேன். வெடிப்பு அழகாக இருக்கிறது என்று கதவு முழுக்க ஒரே சீராக வெடிக்க வைத்துவிடுகிறார்கள். கைப்பிடியைச் சுற்றியும் வெடிப்பு, அடியிலும் வெடிப்பு. மனுஷக் கை பட்ட இடத்தில் பெயிண்ட் தேயும். கை படாத இடத்தில்தான் வெடிப்பு விழும்.

பழைய கதவில் உப்புத்தாள் போடவே இல்லை. இது பற்றிக் கொஞ்சம் நின்று சொல்ல வேண்டும், ஏனென்றால் பழைய சாமான் வாங்கி வருகிறவர்கள் முதலில் செய்வது அதைத்தான். அந்தக் காலத்து இனாமல் பெயிண்டுகளில், அதிலும் மஞ்சள், பச்சை நிறங்களில், ஈயம் இருக்க வாய்ப்பு அதிகம். குரோம் மஞ்சள் என்பது ஈய குரோமேட். அதோடு பிரஷ்யன் நீலத்தைக் கலந்தால் குரோம் பச்சை. வீட்டுப் பெயிண்டில் ஈயம் 90 பிபிஎம்முக்கு மேல், அதாவது பத்து லட்சம் பங்கில் 90 பங்குக்கு மேல் இருக்கக் கூடாது என்று இந்தியாவில் விதி வந்ததே 2016-இல், நடைமுறைக்கு வந்தது 2017 நவம்பர் 1 முதல். அதற்கு முன்னால் அடித்த எதையும் தேய்த்துத் தூசியாக்காதீர்கள். சூடு காட்டி உரிக்கவும் வேண்டாம். குழந்தைகள் உள்ள வீடு என்றால் கேட்கவே வேண்டாம். நான் ஈரத்துணியால் துடைத்ததோடு சரி, துணியையும் பையில் கட்டித் தூரப் போட்டேன். ஆட்டு வாலைப் பெயர்த்த நகத்தோடு கையைக் கழுவாமல் சோறு தின்ற பிள்ளை நான் என்பது அப்போதுதான் உறைத்தது.

சரி, வெடிப்புக்கு வருவோம்.

எல்லாச் செயற்கை வெடிப்புக்கும் அடிப்படை ஒன்றுதான். அடியில் இளகியது, மேலே இறுகுவது. அடி வண்ணம் நன்றாகக் காய்ந்த பிறகு அதன் மேல் ஒரு பசை. பசை முழுக்கக் காய்வதற்குள் அதன் மேல் தண்ணீர்ப் பெயிண்ட். மேல் பெயிண்ட் காயும்போது சுருங்கும். சுருங்குகிறவன் பிடித்துக்கொள்ளக் கீழே உறுதியாக ஒன்றும் இல்லை, பசை வழுக்குகிறது. பெயிண்ட் அங்கங்கே அறுந்து விலகுகிறது, இடைவெளியில் அடி வண்ணம் எட்டிப் பார்க்கிறது.

ஓவியர்களுக்கு இது வேண்டாத வழியில் தெரிந்த விஷயம். பதினெட்டு, பத்தொன்பதாம் நூற்றாண்டுகளில் ஐரோப்பிய ஓவியர்கள் நிழல் பகுதிகளுக்கு ஆழமான பழுப்பு வேண்டும் என்று பிட்டுமென் கலந்து தீட்டினார்கள். நம் ரோட்டுத் தாருக்குச் சொந்தக்காரன்தான். அது லேசில் காய்ந்து முடிவதில்லை. மேலே பூசிய வண்ணம் காய்ந்து சுருங்க, அடியில் தார் நழுவ, படம் முதலைத் தோலாகிவிடும். இங்கிலாந்தின் ஜோஷுவா ரெனால்ட்ஸ் வரைந்த ஓவியங்கள் சில அவர் காலத்திலேயே வெடிக்கத் தொடங்கிவிட்டன. அவர் தெரியாமல் செய்ததை நான் தெரிந்தே செய்யப் போகிறேன்.

பசைக்கு எங்கேயும் போக வேண்டாம், ஃபெவிகால் போதும். 1959-இலிருந்து இந்த நாட்டு மரவேலையெல்லாம் ஒட்டிப் பிடித்துக்கொண்டிருக்கும் பசையை வெடிக்க வைக்க உபயோகிப்பதில் ஒரு குறும்பு இருக்கத்தான் செய்கிறது. ஆசாரியிடம் கேட்டு பிளைவுட் துண்டுகள் ஒரு டஜன் வாங்கிக்கொண்டேன். நேராகக் கதவில் கை வைக்கவில்லை என்பது மட்டும்தான் இந்த முயற்சியில் நான் செய்த ஒரே புத்திசாலித்தனம்.

முதல் துண்டு வெடிக்கவே இல்லை. புறவாசலில் வைத்துச் செய்தேன். ஆடிக் காற்று எங்கள் ஊரில் துணியைக் கொடியோடு பிடுங்கும். பசையைப் பூசிவிட்டு, காபி குடித்துவிட்டு வந்தால் அது கண்ணாடி மாதிரித் தெளிந்து காய்ந்திருந்தது. காய்ந்து முடிந்த ஃபெவிகாலை மேலே பூசும் தண்ணீர்ப் பெயிண்ட் அவ்வளவு சுலபத்தில் இளக்குவதில்லை. இரண்டாவது துண்டை வீட்டுக்குள் வைத்து, பசை காயும் முன்பே, வெள்ளையாக இருக்கும்போதே பெயிண்டை ஏற்றினேன். இரண்டும் கலந்து கூழாகிவிட்டது. மூன்றாவதில்தான் பதம் பிடிபட்டது. வெல்லப்பாகுக்குப் பார்ப்பது மாதிரி விரலை வைத்து எடுக்க வேண்டும். விரலைப் பிடித்து இழுக்க வேண்டும், ஆனால் விரலோடு வரக் கூடாது. ஆடிக் காற்றில் அந்தப் பதம் பத்து நிமிஷத்தில் வந்தது, மூடிய அறையில் முக்கால் மணி நேரம். பிறகு மழை நாளில் ஒரு சட்டத்துக்குச் செய்தபோது ஒன்றரை மணி நேரம் ஆனது. இத்தனை நிமிஷம் என்று யாராவது எழுதி வைத்திருந்தால் அது அவர்கள் ஊர்க் காற்றுக்கு.

நான்காவது துண்டில் பெயிண்டை வழக்கம்போல் முன்னும் பின்னும் இழுத்துவிட்டேன். மறு இழுப்பில் பிரஷ்ஷோடு பசையும் உருண்டு வந்துவிட்டது. ஒரே திசையில் ஒரே இழுப்பு. விட்டுப்போன இடம் விட்டுப்போனதுதான், திரும்பப் போகக் கூடாது. சுவருக்குப் பட்டி பார்த்துப் பெயிண்ட் அடித்த கைக்கு இது பெரிய தண்டனை. ஐந்தாவது துண்டில் மாடிச் சுவருக்கு வாங்கி மிஞ்சிய வெளிப்புறப் பெயிண்டைப் போட்டேன். ஒரு கீறல்கூட இல்லை. மழை வெயிலுக்கு ரப்பர் மாதிரி நீண்டு கொடுக்கவென்றே செய்த பெயிண்ட் அது, அதனிடம் போய் வெடி என்றால் எப்படி வெடிக்கும்? மினுமினுப்பே இல்லாத, உள்சுவருக்கான மலிவு மேட் எமல்ஷன்தான் இந்த வேலைக்கு ஏற்றது. அதில் நிறமித் தூள் அதிகம், பிடித்துவைக்கும் பிசின் குறைவு. சுவருக்கு எது குறையோ அது இங்கே நிறை.

ஆறாவது துண்டு வெடித்தது. கண் முன்னாலேயே. பெயிண்ட் பூசி ஐந்தாறு நிமிஷத்தில் முதல் கோடு விழுந்தது. பிறகு அதிலிருந்து குறுக்கே ஒன்று, அதன் குறுக்கே இன்னொன்று. வற்றிய குளத்தில் வண்டல் வெடிப்பதை ஐந்து நிமிஷத்தில் பார்ப்பது மாதிரி. பிறகு வரும் வெடிப்பு முன்னால் விழுந்த வெடிப்பைத் தாண்டிப் போகாது, அதில் முட்டிச் செங்குத்தாக நின்றுவிடும். அதனால் வெடிப்புகளைப் பார்த்தே எது மூத்தது எது இளையது என்று சொல்லிவிடலாம். குளத்து மண்ணிலும் இப்படித்தான். மேல் பெயிண்ட் கனமாக விழுந்த இடத்தில் கட்டங்கள் பெரிதாக, மெலிந்த இடத்தில் பொடியாக. பிரஷ்ஷால் இழுத்தால் வெடிப்பு இழுத்த திசையில் நீளமாக ஓடுகிறது, ஸ்பாஞ்சால் ஒற்றினால் வலை மாதிரிப் பின்னுகிறது. அன்று ராத்திரி எட்டு மணிக்கு அம்மா வந்து சோறு உண்டா இல்லையா என்று கேட்கும்வரை துண்டு துண்டாக வெடிக்க வைத்துக்கொண்டிருந்தேன்.

மறுநாள் காலையில் அந்தத் துண்டை எடுத்துப் போய் இடது கதவில் சாய்த்து வைத்தேன். கடையில் வாங்கியது போல் இருந்தது.

என்ன குறை என்று கண்டுபிடிக்கவே இரண்டு நாள் ஆனது. ஃபெவிகால் வெடிப்பின் ஓரங்கள் உருண்டையாக, வழிந்தாற்போல் இருந்தன. பசை இளகி ஓடியபோது பெயிண்டும் கூடவே மிதந்து விலகியிருக்கிறது. அசல் வெடிப்பின் ஓரம் உடைந்த ஓடு மாதிரிக் கூர்மை. கொஞ்சம் மேல்நோக்கிச் சுருண்டும் இருக்கும்.

கதவின் கீலைச் சரி பண்ண வந்த ஆசாரி துண்டுகளை ஒவ்வொன்றாகத் தூக்கிப் பார்த்தார். அவருக்கும் உள்ளுக்குள் ஆர்வம் பிறந்திருந்தது.

“வச்சிரம் போட்டுப் பாத்தியளா?”

வச்சிரம் என்றால் மாட்டுத் தோலைக் காய்ச்சி எடுக்கும் பழைய மரப்பசை. ஃபெவிகால் வருமுன் தச்சு வேலை முழுக்க அதில்தான். ராத்திரி தண்ணீரில் ஊறப்போட்டு, மறுநாள் வெந்நீருக்குள் இன்னொரு சட்டியை வைத்து அதில் உருக்க வேண்டும். நேரடியாகத் தீயில் வைத்தால் கருகிப் பிடிப்பு போய்விடும். சின்னப் பையனாக அவர் அப்பாவோடு வேலைக்குப் போனபோது இவருக்குக் கொடுத்த முதல் வேலை அந்தச் சட்டியைப் பார்த்துக்கொள்வது. “நாத்தம்னா நாத்தம். கையில காஞ்சா தோல உரிச்சிட்டுத்தான் வரும்” என்றார். காயும்போது வச்சிரம் அவ்வளவு வேகமாகச் சுருங்கும். கண்ணாடியின் மேல்பக்கத்தைச் சொரசொரப்பாக்கி இந்தப் பசையைக் கனமாகப் பூசிக் காய வைத்தால், அது சுருங்குகிற வேகத்தில் கண்ணாடியின் மேல் தோலையே செதில் செதிலாகப் பிய்த்தெடுத்துவிடும். பூ விழுந்த மாதிரி ஜன்னல் கண்ணாடிகள் அப்படித்தான் செய்தார்கள். கண்ணாடியையே பிய்ப்பது பெயிண்டைச் சும்மா விடுமா?

அவர் பட்டறைப் பரணிலிருந்து ஒரு காகிதப் பொட்டலம் கொண்டுவந்தார். உள்ளே பனங்கற்கண்டு நிறத்தில் துண்டுகள். உருக்கியபோது அம்மா வாசல் திண்ணைக்குப் போய்விட்டாள். அடுத்த தெருவில் கேட்டிருப்பார்கள். ஆனால் வெடிப்பு! முறிந்த கிளை மாதிரிக் கோணல்மாணலாக, கூர் ஓரத்தோடு, அங்கங்கே நுனி லேசாகத் தூக்கிக்கொண்டு. இடது கதவில் சாய்த்து வைத்துவிட்டு ஆசாரியும் நானும் ஒன்றும் பேசாமல் நின்றோம்.

இந்த இடத்தில் ஒருவரை நினைத்துக்கொண்டேன். ஹான் வான் மீகரன், டச்சுக்காரர். பதினேழாம் நூற்றாண்டு ஓவியரான வெர்மீர் வரைந்தது என்று சொல்லித் தானே வரைந்த படங்களை விற்றவர். 1937-இல் ராட்டர்டாம் அருங்காட்சியகத்துக்கே அவர் படம் ஒன்றை அசல் என்று நம்பி வாங்கினார்கள். எண்ணெய் வண்ணம் முழுக்க இறுகப் பல பத்தாண்டுகள் ஆகும் என்பதால் அவர் பேக்லைட் என்ற அந்தக் காலத்துப் பிளாஸ்டிக் செய்யும் பிசினை வண்ணத்தில் கலந்து, படத்தை அடுப்பில் வைத்துச் சுட்டார். பிறகு உருளையில் சுற்றி வெடிக்க வைத்து, வெடிப்புக்குள் கறுப்பு மை தேய்த்தார். ஆனால் அவருடைய பெரிய சாமர்த்தியம் வேறு. பதினேழாம் நூற்றாண்டுப் பழைய படம் ஒன்றை வாங்கி, வண்ணத்தைச் சுரண்டிவிட்டு, அடிப்பூச்சை மட்டும் அதன் அசல் வெடிப்புகளோடு விட்டுவைத்தார். மேலே வரைந்த புதுப் படம் சுடும்போது அந்தப் பழைய வெடிப்புகளின் வழியாகவே வெடித்தது. 1945-இல் பிடிபட்டார். அதுவும் போலி என்பதற்காக அல்ல. வெர்மீர் ஓவியத்தை நாஜித் தலைவர் கோரிங்கிடம் போக விட்டார், நாட்டின் சொத்தை எதிரிக்கு விற்றார் என்று. தப்பிக்க வேண்டுமானால் தானே வரைந்தது என்று ஒப்புக்கொண்டாக வேண்டிய நிலை. ஆய்வு செய்தவர்கள் கண்ட குறைகளில் ஒன்று, வெடிப்புக்குள் இருந்த கறுப்பு காலத்தின் தூசி அல்ல என்பது.

அந்தத் தூசிதான் எனக்கும் தலைவலி. பழைய கதவின் வெடிப்புகளில் அடுப்புப் புகை இருக்கிறது, எண்ணெய்ப் பிசுக்கு இருக்கிறது, தாளித்த கடுகின் ஆவி இருக்கிறது. என் துண்டின் வெடிப்பில் எட்டிப் பார்த்த நீலம் நேற்றுக் குளித்துவிட்டு வந்தது போலச் சுத்தம்.

கதவு வேலை மூன்று வாரம் ஓடியது. ரெட் ஆக்சைடு, காய ஒரு நாள். நீலம் இரண்டு கை, காய இரண்டு நாள். பச்சையில்தான் ஒரு சிக்கல். பெயிண்ட் கடையில் மெஷின் வைத்து நிறம் பொருத்தித் தருகிறார்கள். எந்தப் பச்சையைக் காட்டுவது? வெளிப்பக்கம் வெயிலில் வெளுத்து நரைத்த பச்சை. கதவின் உட்பக்கம், இருட்டில் இருந்ததால், மஞ்சள் ஏறிய பச்சை. கீலைக் கழற்றினால் அதன் அடியில் தேயாமல் வெளுக்காமல் இன்னொரு பச்சை. ஒரு கதவுக்கு மூன்று பச்சை. நான் வெளிப்பக்கத்தைக் காட்டி வாங்கி, கைப்படப் பழுப்பும் வெள்ளையும் கலந்து மங்க வைத்தேன். உட்பக்கத்துக்குத் தனியாகக் கொஞ்சம் மஞ்சள்.

வச்சிரத்தைக் கதவு முழுக்கப் பூசவில்லை. இடது கதவைக் கண்ணாடியில் பார்ப்பதுபோல் மனசில் திருப்பிப் போட்டுக்கொண்டு, பலகையில் நெடுக்குக் கோடுகளாக, நாரோடு சேர்த்து மெல்லிய பிரஷ்ஷால் இழுத்தேன். வெயில் மூலைக்கு ஸ்பாஞ்சால் கனமாக ஒற்றினேன். வலது கதவில் சாயங்கால வெயில் அதே மூலையில் விழாது, ஒரு சாண் தள்ளித்தான் விழும். அந்தச் சாணைத் தள்ளியே போட்டேன். கொண்டிப் பக்கம் பசையே இல்லை. அங்கே பச்சை காய்ந்ததும் ஈர உப்புத்தாளால் வளையம் வளையமாகத் தேய்த்து நீலத்தையும் காவியையும் எடுத்து, நடுவில் வேம்பு தெரிந்ததும் நல்லெண்ணெய் தொட்ட துணியால் ஒரு வாரம் தினமும் தடவிவிட்டேன். புதுப் பெயிண்ட் என்பதால் அங்கே உப்புத்தாள் போடலாம். அடிப்பாகத்துக்குப் பசை வேண்டாம், ஈரத்துணியைச் சுற்றி வைத்துப் பெயிண்டை ஊற விட்டு, மழுங்கிய கத்தியால் செதில் எடுத்தேன். சட்ட ஓரத்துக் கோடு மட்டும் வழிக்கு வரவில்லை. கடைசியில் இடது ஓரத்தில் பிளேடால் கீறிவிட்டேன். அது கொஞ்சம் ஏமாற்றுத்தான். எல்லாமே ஏமாற்றுத்தான் என்றாலும் இது எனக்கே உறுத்தியது.

தூசிக்குப் பழுப்பு எண்ணெய் வண்ணத்தை டர்பன்டைனில் இளக்கி, அடுப்புக்கரியைப் பொடித்துக் கலந்து, வெடிப்புகளில் தேய்த்துத் துடைத்தேன். ஒரே கறுப்பாக இல்லாமல், அடுக்களைப் பக்கம் கூடுதலாக, மேலே போகப் போகக் குறைவாக. கடைசி மேல்பூச்சு அரக்கில் செய்த பிரெஞ்சு பாலிஷ். இங்கே தண்ணீரில் கரையும் வார்னிஷ் போட்டுவிடாதீர்கள். அந்தத் தண்ணீர் உள்ளே இறங்கினால் பசை மறுபடி உயிர்பெற்று, வெடிப்பெல்லாம் நகர ஆரம்பித்துவிடும். அரக்கு ஸ்பிரிட்டில் கரைவது, பசையைத் தொடாது.

இதை அனுபவத்தில் கற்றேன் என்று சொல்லக் கூச்சமாகத்தான் இருக்கிறது. பல வருஷத்துக்கு முன் ஒரு பழம்பொருள் கடையில் நூறு வருஷத்துக் கண்ணாடிச் சட்டம் என்று நம்பி ஒன்றை வாங்கினேன். தங்க நிறத்தில் வலை வலையாக வெடிப்பு. ஐப்பசி அடைமழையில் அதன் மேல் கை வைத்தால் பிசுபிசுவென்று ஒட்டியது. ஒரே மாதத்தில் பாதி வெடிப்பு மூடிக்கொண்டுவிட்டது. காயாத எண்ணெய் வார்னிஷ் மேல் வேலம்பிசின் கரைசலைப் பூசி வெடிக்க வைக்கும் முறை ஒன்று உண்டு, சட்டத்தைச் செய்தவர் அதைச் செய்துவிட்டு மேலே மூடி வார்னிஷ் அடிக்காமல் விட்டிருக்கிறார். நூறு வருஷம் ஒரு மழையில் கரைந்ததைப் பார்த்தேன். இன்னும் அந்தச் சட்டம் என்னிடம் இருக்கிறது. விலையைச் சொல்லவில்லை.

புரட்டாசியில் கதவை மாட்டினோம். அம்மா வந்து பார்த்தாள். கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, “இதுல எது புதுசு?” என்று கேட்டாள். அவளுக்குக் கண் புரை ஆபரேஷன் பாக்கி இருந்தது, அதனால் அந்தப் பாராட்டை நான் முழுசாக எடுத்துக்கொள்ளவில்லை. ஆசாரி கண்ணால் பார்க்கவே இல்லை. கட்டைவிரலைக் கதவின் விளிம்பில் மேலிருந்து கீழ்வரை ஓட்டினார். “விளிம்பு கத்தி மாதிரி நிக்கிம்மா. எழுவது வருஷக் கதவுக்கு விளிம்பு இருக்குமா?” என்றார். இடது கதவைத் தடவினேன். சோப்புக் கட்டி மாதிரி உருண்டிருந்தது. ஒரு வாரம் டார்ச் அடித்துப் பார்த்த எனக்கு இது தெரியவில்லை, ஏனென்றால் நான் தொட்டுப் பார்க்கவில்லை. அன்றைக்கே விளிம்பை உருட்டி, மறுபடி மூன்று வண்ணமும் தொட்டு வைத்தேன்.

ஐப்பசி, கார்த்திகை மழையில் கதவு ஊதி, மூடுவதற்குத் தோளால் இடிக்க வேண்டியிருந்தது. மாசி வெயிலில் தானாக இளகியது. பங்குனி நடுவில் ஒருநாள் அலமாரியைத் துடைக்கும்போதுதான் பார்த்தேன். பலகை சுருங்கி, சட்டத்தின் ஓரத்தில் பெயிண்ட் நேர்கோடாக அறுந்திருந்தது. மேலிருந்து கீழ்வரை, மயிரிழைக்கு, உள்ளே வெள்ளை வேம்பு தெரிய. நான் பிளேடால் கீறிய இடது ஓரம் அப்படியே கெட்டியாக இருக்கிறது. அறுந்தது வலது ஓரம்.

ஆசாரி வேறு வேலையாக வந்தவர் அதைக் குனிந்து பார்த்தார்.

“பட்டி பாத்து அடைச்சிரட்டாம்மா? அரை மணி நேர சோலி.”

“வேண்டாம் அண்ணாச்சி. ஒரு காப்பி குடிச்சிட்டுப் போங்க.”